அந்த ஜேப்படிக்காரர் யார்?

சினிமா பார்த்துவிட்டு வீட்டுக்கு வந்ததும் நீங்கள் யாரைப் பற்றிப் பேசுகிறீர்கள்? கதாநாயகனைப் பற்றி ஐந்து நிமிஷம். கதாநாயகியின் புடவையைப் பற்றிப் பத்து நிமிஷம். அப்புறம் யாராவது ஒருவர் ஆரம்பிப்பார்: "கலியாண வீட்டுக் காட்சியில் ஒரு கிழவர் வந்தாரே, பந்தியில் உட்கார்ந்து அப்பளத்துக்குச் சண்டை பிடித்தாரே, அவரை எங்கேயோ பார்த்திருக்கிறேனே! யார் அது?" அவ்வளவுதான். ராத்திரி சாப்பாடு முடியும் வரையில் அதே பேச்சு. இன்ன படத்தில் வக்கீலாக வந்தார், இன்னொரு படத்தில் தபால்காரராக வந்தார் என்று ஆளுக்கு ஒன்று சொல்வார்கள். பெயர் மட்டும் ஒருவருக்கும் ஞாபகம் வராது.

ரசத்துக்குக் கறிவேப்பிலை எப்படியோ, படத்துக்கு இவர்கள் அப்படி. வாசனை கொடுப்பதற்கு வேண்டும். சாப்பிடும்போது இலை ஓரத்தில் ஒதுக்கி வைத்துவிடுவோம்.

இந்த வாரம் அப்படி ஒருவரைப் பற்றித்தான் உங்களுக்குச் சொல்லப் போகிறேன். பெயர் குர்ட் போயிஸ். ஜெர்மன் தேசத்தவர். 6 வயதில் முதல் படம். 85 வயதைத் தாண்டிய பிறகும் ஒரு படம். நடுவில் 80 வருஷம்! சினிமா என்ற கலைக்கே வயது அதிகம் இல்லை. அது தவழ்ந்தபோது இவரும் தவழ்ந்தார். அது பேசக் கற்றபோது இவரும் பேசினார். இவ்வளவு காலம் காமிராவுக்கு முன்னால் நின்றவர்களை உலகம் முழுவதும் தேடினாலும் விரல் விட்டு எண்ணிவிடலாம். ஆனாலும் உலகத்தில் பெரும்பாலோருக்கு அவரைத் தெரிவது ஓரிரு நிமிஷக் காட்சி ஒன்றினால்தான்.

அந்தக் காட்சியை முதலில் சொல்லிவிடுகிறேன். 'காஸாபிளாங்கா' என்ற அமெரிக்கப் படம், 1942-ல் வெளியானது. ஹம்ப்ரி போகார்ட்டும் இங்க்ரிட் பெர்க்மனும் நடித்தது. உங்களில் பலர் பார்த்திருப்பீர்கள். ஹிட்லரின் பிடியிலிருந்து தப்பி ஓடி வந்த ஜனங்கள் மொராக்கோ நாட்டு ஊர் ஒன்றில் வந்து தேங்கிக் கிடக்கிறார்கள். அங்கிருந்து லிஸ்பனுக்கு விமானம் ஏற வேண்டும். லிஸ்பனிலிருந்து அமெரிக்காவுக்குக் கப்பல். கையில் காகிதம் இல்லாதவன் அங்கேயே காத்துக் கிடக்க வேண்டியதுதான்.

படத்தின் ஆரம்பத்தில், தெரு ஓரத்துக் காப்பிக் கடையில் ஓர் ஆங்கிலேயத் தம்பதி உட்கார்ந்திருக்கிறார்கள். போலீஸ்காரர்கள் யாரையோ துரத்திக்கொண்டு ஓடுகிறார்கள். என்ன கலவரம் என்று தம்பதிக்குப் புரியவில்லை. அப்போது ஒல்லியான, கரிய விழிகளை உடைய ஓர் ஆசாமி அவர்களிடம் வருகிறான். மிக மரியாதையாக விஷயத்தை விளக்குகிறான். "இந்த ஊர் பொல்லாத ஊர்; எங்கே பார்த்தாலும் திருடர்கள்; ஜாக்கிரதையாக இருங்கள்" என்கிற தோரணையில் கனிவாகப் புத்திமதி சொல்கிறான். தோளில் கை வைத்து அணைக்காத குறையாகப் பேசிவிட்டு விடைபெற்றுப் போகிறான். அவன் போன பிறகு துரை சட்டைப் பைக்குள் கை விடுகிறார். பர்ஸ் இல்லை!

பின்னால் இன்னொரு இடத்தில் அதே ஆசாமி, போகார்ட் நடத்தும் ஹோட்டலின் குண்டுச் சிப்பந்தி மேல் இடித்துக்கொண்டு மன்னிப்புக் கேட்கிறான். சிப்பந்தி ஒரு வார்த்தை பேசவில்லை. பதறிப் போய்த் தன் பைகளையெல்லாம் தட்டிப் பார்த்துக்கொள்கிறார். கொட்டகை முழுவதும் சிரிக்கும். அவ்வளவுதான் குர்ட் போயிஸின் பங்கு. கதையில் அந்தப் பாத்திரத்துக்குப் பெயர்கூடக் கிடையாது.

பெயர் இல்லாத அந்த ஜேப்படிக்காரர், அதற்குப் பத்து வருஷத்துக்கு முன்பு பெர்லின் நகரத்தில் எப்பேர்ப்பட்டவராக இருந்தார் தெரியுமா? கேளுங்கள்.

1901-ஆம் வருஷம் ஏப்ரல் 5-ந் தேதி பெர்லினில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். அக்காலத்தில் ஐரோப்பாவில் பாட்டும் கூத்துமான நாடகங்களுக்கு ஒரே மோகம். லியோ பால் என்ற சங்கீதக்காரர் 'குதூகலக் குடியானவன்' என்று ஒரு நாடகத்துக்கு மெட்டமைத்தார். அதில் ஒரு சிறுவன் வருவான். திருவிழாவில் "அது வேண்டும், இது வேண்டும்" என்று அம்மாவைப் பிடித்து நச்சரிப்பான். அம்மாவிடமோ காசு இல்லை. அந்தத் தாயும் பிள்ளையும் பாடும் பாட்டு ஊர் முழுவதும் பிரசித்தம். (இந்தச் சங்கடத்தை நம் வீட்டுத் தாய்மார்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை!) பெர்லினில் அந்தப் பையனாக மேடை ஏறிய குழந்தைதான் குர்ட். ஜனங்கள் சொக்கிப் போனார்கள்.

மேடையில் பெயர் வாங்கிய குழந்தையைச் சினிமாக்காரர்கள் விடுவார்களா? 1907-லேயே படத்தில் தலைகாட்டிவிட்டார். சினிமா என்றால் அப்போது இரண்டு மூன்று நிமிஷத் துண்டுப் படம்தான். ஜெர்மனியில் ஒரு வேடிக்கை செய்வார்கள். திரைக்குப் பக்கத்தில் கிராமபோனை வைத்துத் தட்டைச் சுழல விடுவார்கள். படத்தில் வாய் அசையும்; கிராமபோனிலிருந்து பாட்டு வரும். இரண்டும் சேர்ந்து போனால் பார்ப்பவர்களின் அதிர்ஷ்டம். சேராவிட்டால் அம்மாவின் வாயில் பிள்ளையின் குரல் வரும்! 1909-ல் வந்த ஒரு படத்தின் பெயர், எதை எடுத்தாலும் ஒட்டிவிடும் பசையைப் பற்றியது. அந்தப் பசையோடு ஒரு வாண்டுப் பயல் அடிக்கும் லூட்டிதான் கதை. அந்த வாண்டுக்கு 8 வயது, நம் குர்ட்தான்.

குழந்தை நட்சத்திரங்களின் கதை பெரும்பாலும் மீசை முளைக்கிற இடத்தில் முடிந்துவிடும். அழகான குழந்தை வளர்ந்து சாதாரணப் பையனாகிவிட்டால் யார் சீந்துவார்கள்? போயிஸ் குள்ளமாக, ஒல்லியாக, பெரிய கண்களோடு வளர்ந்தார். கதாநாயகனாக நிற்கிற முகவெட்டு இல்லை. ஆனால் உடம்பு ரப்பர் மாதிரி. சொன்னபடி வளையும். எர்ன்ஸ்ட் லூபிட்ஷ் என்று ஒரு டைரக்டர். பிற்பாடு அமெரிக்காவுக்குப் போய் மகா கியாதி பெற்றவர். அவர் 1919-ல் 'சிப்பி ராஜகுமாரி' என்று ஒரு ஊமைப்படம் எடுத்தார். அதில் ஒரு கலியாண விருந்து. திடீரென்று 'பாக்ஸ்ட்ராட்' நடனப் பித்து அந்த வீட்டையே பிடித்துக்கொள்கிறது. விருந்தாளிகள் ஆடுகிறார்கள், சமையல் ஆட்கள் ஆடுகிறார்கள், மாடிப்படியில் ஆடுகிறார்கள். அத்தனைக்கும் காரணம் பாண்டு வாத்திய கோஷ்டித் தலைவன். உடம்பில் ஓர் எலும்புகூட இல்லாதவனைப் போல் அவன் இடுப்பை நெளித்துத் தாளம் போடும் அழகைப் பார்க்க வேண்டும்! ஊமைப்படம்தான், ஆனால் அந்தப் பையனைப் பார்க்கும்போது காதில் சங்கீதம் கேட்கிறது. பதினெட்டு வயதுக் குர்ட் போயிஸ்.

அதற்கப்புறம் அவருக்குச் சுக்கிர தசை. பெர்லினிலும் வியன்னாவிலும் நாடக மேடை. இரவு வேளைகளில் கேலிப் பாட்டும் கூத்துமான சிறு அரங்குகள். ஆண்பிள்ளை அத்தை வேஷம் போட்டுக்கொண்டு படும் அவஸ்தையைச் சொல்லும் 'சார்லியின் அத்தை' என்ற இங்கிலீஷ் நாடகத்தில் அத்தையாக வந்து வயிறு குலுங்கச் சிரிக்க வைத்தார். 1927-ல் 'பாப்பன்ஹைம் பிரபு' என்ற படம். பிரபு என்றதும் அரண்மனையை நினைத்துக்கொள்ளாதீர்கள். பாப்பன்ஹைம் என்பது ஒரு நாகரிகத் துணிக்கடையின் பெயர். புது மோஸ்தர் கவுன்களை அழகிகள் அணிந்து நடந்து காட்டுவார்களே, அந்த மாதிரிக் கடை. அதில் போயிஸே ஒரு கட்டத்தில் பெண் உடை உடுத்திக்கொண்டு ஒய்யாரமாக வருவார். அந்தக் காட்சியை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் அதற்கு ஒரு வேலை இருக்கிறது.

1932-ல் தாமே ஒரு சிறு படத்தை டைரக்ட் செய்தார். ஜெர்மானியர்களிடம் ஒரு சம்பிரதாயம் உண்டு. கலியாணத்துக்கு முதல் நாள் மாலை, பெண் வீட்டு வாசலில் பீங்கான் தட்டுகளையும் கோப்பைகளையும் போட்டு உடைப்பார்கள். உடைந்த ஓடு அதிர்ஷ்டம் கொண்டு வரும் என்பது அவர்களுடைய பழமொழி. நம் வீட்டில் ஒரு கண்ணாடி டம்ளர் கை தவறினால் என்ன பேச்சுக் கேட்க வேண்டியிருக்கிறது! அந்தப் பழமொழியைத்தான் போயிஸ் தம் படத்துக்குப் பெயராக வைத்தார்.

மறு வருஷம் எல்லாமே உடைந்தது. அதிர்ஷ்டம் மட்டும் வரவில்லை.

1933 ஜனவரியில் ஹிட்லர் பதவிக்கு வந்தான். நாடக மேடையிலும் சினிமாவிலும் யூதர்களுக்கு இடமில்லை என்று ஆயிற்று. நேற்று வரையில் கைதட்டிய ஊர் இன்று கதவைச் சாத்திக்கொண்டது. 1934-ல் போயிஸ் அமெரிக்காவுக்குப் போய்ச் சேர்ந்தார்.

நாட்டை விட்டு ஓட நேர்ந்தால் தையற்காரர் கத்தரிக்கோலோடு போவார். எந்த ஊரில் உட்கார்ந்தாலும் துணி துணிதான். வைத்தியருக்கும் அப்படியே, காய்ச்சலுக்குப் பாஷை கிடையாது. ஏன், நன்றாகச் சமைக்கத் தெரிந்த ஒரு அம்மாள் எந்தத் தேசத்தில் அடுப்பு மூட்டினாலும் நாலு பேர் வந்து நிற்பார்கள். நடிகன் எதை எடுத்துக்கொண்டு போவான்? அவனுடைய ஆயுதம் பேச்சு. அதிலும் சிரிக்க வைக்கிற நடிகனுக்கு, எந்தச் சொல்லை இழுத்தால் சிரிப்பு வரும், எந்தச் சொல்லை விழுங்கினால் சிரிப்பு வரும் என்பதெல்லாம் தாய்மொழியோடு கூடப் பிறந்த சமாசாரம். முப்பத்து மூன்று வயதில் அதைக் கரையில் விட்டுவிட்டுக் கப்பல் ஏறுவது என்றால்? கை உடைந்த வீணை வித்வான் மாதிரிதான்.

நியூயார்க்கில் நாடக மேடையில் கொஞ்ச காலம். 1937 வாக்கில் ஹாலிவுட். அங்கே அவருக்குக் கொடுத்த வேஷங்களைச் சொன்னால் ஒரு ஹோட்டலே நடத்தலாம். சிப்பந்தி, தலைமைச் சிப்பந்தி, நடன ஆசிரியர், யாரோ ஒரு மாணவன், யாரோ ஒரு பிரெஞ்சுக்காரன். அமெரிக்கர்களுக்கு ஒரு வசதி. உச்சரிப்புக் கொஞ்சம் கோணலாக இருந்தால் போதும். ஜெர்மானியர் பிரெஞ்சுக்காரராகவும், ஹங்கேரியர் ஜெர்மானியராகவும் வரலாம். யார் கேட்கப் போகிறார்கள்?

அந்தக் காலத்து ஹாலிவுட்டில் இப்படி வந்து சேர்ந்தவர்கள் ஒருவர் இருவர் அல்ல. 'காஸாபிளாங்கா' படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். கொடிய நாஜி அதிகாரி மேஜர் ஸ்ட்ராஸராக வருகிறவர் கான்ராட் வைட். ஜெர்மனியின் பெரிய நட்சத்திரம். மனைவி யூதப் பெண்மணி. 1933-லேயே இருவரும் ஜெர்மனியை விட்டு இங்கிலாந்துக்குப் போய்விட்டார்கள். நாஜிகளை வெறுத்து ஓடி வந்தவருக்கு அமெரிக்காவில் கிடைத்தது நாஜி வேஷம்! பைகளைத் தட்டிப் பார்த்துக்கொள்ளும் குண்டுச் சிப்பந்தி சாகல். ஹங்கேரி நாட்டு யூதர். சூதாட்ட மேஜையில் சக்கரம் சுழற்றுகிறவர் மார்ஸெல் டாலியோ. பிரான்ஸில் ழான் ரெனுவாரின் படங்களில் முக்கிய வேஷம் தாங்கியவர். பாரிஸ் ஜெர்மானியர் கையில் விழுந்தபோது மனைவியோடு லிஸ்பன் வழியாகத் தப்பி வந்தார். 'யூதனின் முகம் இப்படி இருக்கும்' என்று அவருடைய படத்தையே நாஜிகள் சுவரொட்டியாக அடித்து ஒட்டினார்கள். அவருடைய மனைவி மாடலேன் லெபோவும் அதே படத்தில் இருக்கிறாள். ஹோட்டலில் எல்லோரும் எழுந்து பிரெஞ்சு தேசிய கீதம் பாடும்போது கண்ணீரோடு பாடுகிறாளே, அவள்தான். அந்தக் கூட்டத்தில் பலர் உண்மையான அகதிகள். அந்தக் கண்ணீரைக் கிளிஸரின் போட்டு வரவழைத்ததாக நான் நம்பவில்லை.

நம் போயிஸின் விஷயத்துக்கு வருவோம். பெண் வேஷம் போட்ட காட்சியை ஞாபகம் வைத்துக்கொள்ளச் சொன்னேன் அல்லவா? 1940 நவம்பரில் பெர்லினில் ஒரு படம் வெளியாயிற்று. பெயர் 'நித்திய யூதன்'. கோயபல்ஸின் பிரசார மந்திரி சபை தயாரித்தது. பிரிட்ஸ் ஹிப்லர் என்பவர் எடுத்தது. உண்மைச் செய்திப் படம் என்று சொல்லிக்கொண்டு வந்த அப்பட்டமான விஷம். யூதர்களை எலிகளுக்கு ஒப்பிட்டுக் காட்டுகிற படம் என்று சொன்னால் மற்றதை நீங்களே ஊகித்துக்கொள்வீர்கள். அதில் பழைய ஜெர்மன் படங்களிலிருந்து சில துண்டுகளை வெட்டிச் சேர்த்தார்கள். "பாருங்கள், இவர்கள் எப்படி நம் கலையைக் கெடுத்தார்கள்!" என்று காட்டுவதற்காக. பீட்டர் லோரி நடித்த ஒரு காட்சி. 'பாப்பன்ஹைம் பிரபு'விலிருந்து, பெண் உடையில் குர்ட் போயிஸ் ஒய்யாரமாக வரும் காட்சி.

பதின்மூன்று வருஷத்துக்கு முன்பு எந்தக் காட்சியைப் பார்த்து பெர்லின் ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்தார்களோ, அதே காட்சியைக் காட்டி அதே ஜனங்களுக்கு வெறுப்பு ஊட்டினார்கள். காட்சியில் ஓர் அங்குலம் மாறவில்லை. முன்னும் பின்னும் ஒட்டிய துண்டுகள்தான் மாறின. தையல் தெரிந்த உங்களுக்கு இது புரியும். ஒரே துணியைச் சட்டையாகவும் தைக்கலாம், கோடித் துணியாகவும் போடலாம்.

இது நடக்கும்போது அந்தத் துணிக்குச் சொந்தக்காரர் ஆறாயிரம் மைலுக்கு அப்பால் சிப்பந்தி வேஷத்தில் தட்டு ஏந்திக்கொண்டிருந்தார்.

அந்த வருஷங்களில் அவர் நடித்த இன்னொரு படத்தைச் சொல்லாமல் விட முடியாது. 'ஹோல்ட் பேக் தி டான்' என்று 1941-ல் வந்தது. சார்லஸ் பாயர் கதாநாயகன். அமெரிக்க எல்லைக்கு இந்தப் பக்கம், மெக்ஸிகோவில் ஒரு சிற்றூர். அமெரிக்காவுக்குள் நுழைய அனுமதிச் சீட்டு எப்போது வரும் என்று காத்துக் கிடக்கும் ஐரோப்பியர்களால் நிறைந்த ஹோட்டல். ஹோட்டலின் பெயர் எஸ்பெரான்ஸா. ஸ்பானிஷ் மொழியில் 'நம்பிக்கை' என்று அர்த்தம். கதாநாயகனுக்கு அங்கே அறை எப்படிக் கிடைக்கிறது தெரியுமா? காத்திருந்து காத்திருந்து மனம் வெறுத்த ஒருவன் தூக்குப் போட்டுக்கொள்கிறான். அந்த அறை காலியாகிறது! கதை வசனம் எழுதியவர்களில் பில்லி ஒயில்டரும் ஒருவர். அவரும் பெர்லினிலிருந்து ஓடி வந்தவர். மெக்ஸிகோ எல்லையில் அனுமதிக்காகக் காத்திருந்தவர். அந்த ஹோட்டலில் தங்கியிருக்கும் ஒருவராக நம் போயிஸ். பாத்திரத்தின் பெயர் 'பான்போயிஸ்' என்று எழுதுவார்கள். நடிகரின் பெயரே உள்ளே ஒளிந்துகொண்டிருக்கிறது. பிரெஞ்சு வீரர் லாபாயெத்தின் வம்சத்தில் வந்தவர் என்ற காரணத்தால் அந்தப் பாத்திரத்துக்கு அமெரிக்கக் கதவு பட்டென்று திறக்கிறது. படம் பார்க்கிறவர்கள் கைதட்டிச் சிரிப்பார்கள். மூதாதை யாரோ ஒருவர் புண்ணியம் கட்டிக்கொண்டதால் பேரப் பிள்ளைக்குச் சீட்டு. மற்றவர்களுக்கு நாற்காலியும் சுவரும்.

போர் முடிந்தது. ஹாலிவுட்டில் வேஷங்கள் தொடர்ந்து வந்துகொண்டுதான் இருந்தன. ஆனால் 1950-ல், 49-வது வயதில், போயிஸ் மூட்டை கட்டிக்கொண்டு பெர்லினுக்கே திரும்பினார். இடிந்து கிடந்த பெர்லின்; இரண்டாகப் பிளந்து கிடந்த பெர்லின். "விரட்டிய ஊருக்கு மறுபடி போவார்களா?" என்று உங்களுக்குத் தோன்றலாம். எனக்கும் தோன்றியது. பலர் போகவில்லை. ஆனால் பதினாறு வருஷம் அன்னிய பாஷையில் தட்டு ஏந்திய ஒரு மனிதருக்கு, சொந்த மொழியில் ஒரே ஒரு பெரிய வேஷம் வேண்டும் என்ற பசி எவ்வளவு இருக்கும்?

அந்தப் பசி தீர்ந்தது. கிழக்கு பெர்லினில் பெர்டோல்ட் பிரெக்ட் என்ற நாடகாசிரியர் நாடக சபை நடத்தி வந்தார். அவரும் அமெரிக்காவில் அகதியாக இருந்து திரும்பியவரே. அவருடைய 'பண்ணையார் புந்திலாவும் வேலையாள் மாட்டியும்' என்ற நாடகத்தில் 1952-ல் போயிஸ் புந்திலாவாக வேஷம் கட்டினார். அற்புதமான கதை. புந்திலா ஒரு பெரும் பண்ணையார். குடித்துவிட்டால் தங்கமான மனிதர். வேலையாளைக் கட்டிக்கொண்டு அழுவார், கூலியை உயர்த்துவார், பெண்ணைக்கூட அவனுக்கே கலியாணம் செய்து கொடுக்கிறேன் என்பார். போதை தெளிந்துவிட்டால் கடுகடுப்பு. சொன்னதெல்லாம் மறந்து போகும். வழக்கமாகக் குடிகாரன் கதை நேர்மாறாக அல்லவா இருக்கும்? பிற்பாடு அந்த நாடகம் படமாக வந்தபோதும் போயிஸ்தான் புந்திலா. ஜேப்படிக்காரருக்குக் கடைசியில் ஒரு பண்ணையே கிடைத்தது.

1955-ல் மறுபடி ஒரு படம் டைரக்ட் செய்தார். பெயர் என்ன தெரியுமா? கலியாணத்துக்கு முதல் நாள் மாலை, பாத்திரம் உடைக்கிறார்களே, அந்தச் சடங்கின் பெயர்! முன்பு எடுத்த படம் உடைந்த ஓட்டின் அதிர்ஷ்டத்தைப் பற்றியது. இருபத்து மூன்று வருஷம் கழித்து எடுத்தது உடைக்கிற சடங்கைப் பற்றியது. நடுவில் உடைந்ததைப் பற்றி அவர் படம் எடுக்கவில்லை.

1950-களுக்குள்ளேயே மேற்கு பெர்லினுக்கு மாறிவிட்டார். நாடகங்கள், டெலிவிஷன், பேய் மாளிகை ஹாஸ்யப் படம் ஒன்று. இந்தக் காலத்தைப் பற்றி நீட்ட வேண்டியதில்லை. உழைத்தார், சிரிக்க வைத்தார், வயதாயிற்று. 1980-ல் நினைவுக் குறிப்புகளை வெளியிட்டார். புத்தகத்தின் பெயர், 'அழகாக இருக்க முடியாத அளவு உண்மை' என்று பொருள்படும். 'நம்ப முடியாத அளவு அழகு' என்று ஜனங்கள் பேச்சு வழக்கில் சொல்வதைத் தலைகீழாகத் திருப்பிப் போட்டிருக்கிறார். ஹாஸ்ய நடிகர் அல்லவா?

மற்றவர்கள் கோயிலும் குளமுமாக உட்காருகிற வயதில் அவருக்கு மறுபடி ஒரு வசந்தம் வந்தது. 1981-ல் மார்க்குஸ் இம்ஹூப் என்ற ஸ்விட்ஸர்லாந்து டைரக்டர் 'படகு நிறைந்துவிட்டது' என்று ஒரு படம் எடுத்தார். 1942-ல் ஸ்விஸ் சர்க்கார் எல்லைக் கதவைச் சாத்தியது. "நம் தேசம் சின்ன உயிர்காப்புப் படகு, ஏற்கெனவே நிறைந்துவிட்டது" என்ற கருத்தில் ஒரு மந்திரி பேசினார். அதுதான் படத்தின் தலைப்பு. ஜெர்மனியிலிருந்து தப்பி வந்த ஒரு சிறு கூட்டம் கிராமத்து விடுதியில் வந்து ஒண்டுகிறது. சிறு குழந்தை உள்ள குடும்பத்துக்குத்தான் இடம் என்று சட்டம். ஆகவே ஒருவருக்கொருவர் முன்பின் தெரியாதவர்கள், அப்பா, அம்மா, தாத்தா, பிள்ளைகள் என்று ஒரே குடும்பமாக நடிக்கிறார்கள். பேத்தியின் கையைப் பிடித்துக்கொண்டு வரும் கிழ யூதராகக் குர்ட் போயிஸ். வேஷம் கலைகிறது, அவர்களை எல்லைக்கு அப்பால் திருப்பி அனுப்புகிறார்கள். அமெரிக்க ஆஸ்கர் போட்டிக்கு அந்தப் படம் ஸ்விட்ஸர்லாந்தின் பெயரால் போயிற்று.

அந்த 1942-ஆம் வருஷத்தில் நிஜமான குர்ட் போயிஸ் எங்கே இருந்தார்? ஹாலிவுட்டில், 'காஸாபிளாங்கா' செட்டில், ஆங்கிலேயத் துரையின் பர்ஸைத் திருடிக்கொண்டிருந்தார். நாற்பது வருஷம் கழித்து, அந்த வருஷத்து அகதியாக நடிக்கும் வேஷம் அவரைத் தேடி வந்தது.

புருனோ கான்ஸ், ஆட்டோ சாண்டர் என்று இரண்டு நடிகர்கள். இருவரும் வயதில் போயிஸுக்குப் பிள்ளைகள் மாதிரி. கிழவர்கள் போவதற்குள் அவர்களைப் பேச வைத்துப் படம் பிடிக்க வேண்டும் என்று நினைத்து 1982-ல் 'ஞாபகம்' என்று ஒரு படம் எடுத்தார்கள். இரண்டு கிழ நடிகர்களைப் பற்றிய படம். ஒருவர் போயிஸ். மற்றவர் பெர்ன்ஹார்ட் மினெட்டி. ஹிட்லர் காலத்தில் ஜெர்மனியிலேயே இருந்து, பெர்லின் அரசாங்க நாடக சபையில் நடித்துப் புகழ் பெற்றவர். ஒருவருக்கு ஓட வேண்டியிருந்தது. ஒருவருக்கு ஓட வேண்டியிருக்கவில்லை. ஒருவர் ஷேக்ஸ்பியர் பேசிய காலத்தில் மற்றவர் "சூப் கொண்டு வரட்டுமா?" என்று கேட்டுக்கொண்டிருந்தார். இருவரையும் ஒரே படத்தில் வைத்தது அந்த இளைஞர்களின் தைரியம் என்றுதான் சொல்வேன்.

அதே இரு நடிகர்கள் 1987-ல் தேவதூதர்களாக வந்தார்கள்! விம் வெண்டர்ஸின் 'பெர்லினுக்கு மேலே வானம்' என்ற படத்தில். அந்தத் தேவதூதர்களுக்குச் சிறகு கிடையாது. நீண்ட கோட்டுப் போட்டுக்கொண்டு பெர்லின் முழுவதும் சுற்றி, மனிதர்கள் மனசுக்குள் நினைப்பதையெல்லாம் காது கொடுத்துக் கேட்கிறார்கள். ரெயிலில் போகிற அம்மாள், கடன்பட்ட கணவன், நூல் நிலையத்தில் படிக்கிற பெண் - ஒவ்வொருவர் மனசுக்குள்ளும் ஒரு புலம்பல். அந்த நூல் நிலையத்தின் படிகளில் மூச்சு வாங்க ஏறி வருகிறார் ஒரு தள்ளாத கிழவர். கதையில் அவர் பெயர் ஹோமர். கிரேக்க மகாகவியின் பெயர். அவர் ஒரு பழைய புகைப்படப் புத்தகத்தைப் புரட்டுகிறார். சென்ற தலைமுறை ஜெர்மானியர்களின் முகங்கள் ஒவ்வொன்றாக வருகின்றன.

பிறகு அந்தக் கிழவர் போட்ஸ்டாமர் சதுக்கத்தைத் தேடிக்கொண்டு போகிறார். போருக்கு முன்பு ஐரோப்பாவிலேயே அதிக நெரிசலான நாற்சந்திகளில் அது ஒன்று. டிராம் வண்டிகள், ஹோட்டல்கள், காப்பிக் கடைகள். குண்டு விழுந்து எல்லாம் போயிற்று. மிச்சத்தின் நடுவில் பெர்லின் சுவர் எழுந்தது. கிழவர் நிற்கும் இடத்தில் புல்லும் சேறும்தான் இருக்கின்றன. இங்கேதான் காப்பி குடித்தேன், இங்கேதான் சுருட்டுக் கடை இருந்தது, பிறகு ஒரு நாள் கொடிகளைத் தொங்கவிட்டார்கள், ஜனங்களின் சிநேகம் போயிற்று என்று நினைத்துக்கொண்டே, கண்டுபிடிக்காமல் விடமாட்டேன் என்று நடக்கிறார். வெட்டவெளியில் யாரோ தூக்கி எறிந்த பழைய சோபா நாற்காலி ஒன்று கிடக்கிறது. அதில் உட்கார்ந்துகொள்கிறார். பக்கத்தில் தேவதூதர் ஆட்டோ சாண்டர், கிழவருக்குத் தெரியாமல் துணைக்கு நிற்கிறார்.

இதை நடிப்பு என்று சொல்லத்தான் வேண்டும். காமிரா வைத்து எடுத்ததுதானே? ஆனால் அந்தச் சதுக்கம் இருந்தபோது அங்கே நடமாடிய வாலிபன் அவர். கொடி தொங்கியபோது ஊரை விட்டுப் போனவர் அவர். அந்த நாற்காலியில் உட்காருவதற்கு வேறு எந்த நடிகருக்கு அவ்வளவு பாத்தியதை உண்டு? படம் முழுவதும் சேர்த்தால் அவர் வருவது கொஞ்ச நேரம்தான். வழக்கம்போல் கறிவேப்பிலைதான். இந்த முறை யாரும் இலை ஓரத்தில் ஒதுக்கவில்லை. 1988-ல் ஐரோப்பிய சினிமாப் பரிசுகளை முதல் முதலாக வழங்கியபோது, சிறந்த துணை நடிகர் பரிசு அவருக்குக் கிடைத்தது. அப்போது வயது 87.

அடுத்த வருஷம், 1989 நவம்பர் 9-ந் தேதி இரவு, பெர்லின் சுவர் திறந்தது. அதைப் பார்க்கவும் அவர் இருந்தார். 1991 டிசம்பர் 25-ந் தேதி, கிறிஸ்துமஸ் தினத்தன்று, பிறந்த ஊரிலேயே காலமானார். 90 வயது.

போட்ஸ்டாமர் சதுக்கத்தில் பிற்பாடு கண்ணாடிக் கோபுரங்கள் எழும்பின. கடைகளும் ரெயில் நிலையமும் வந்தன. 2000-ல் அங்கே ஒரு சினிமாக் காட்சி சாலையையும் திறந்தார்கள். பழைய ஜெர்மன் படங்களின் புகைப்படங்கள், உடைகள், கடிதங்கள் எல்லாம் 2024 வரையில் அங்கே இருந்தன. சேற்றில் சோபா நாற்காலி கிடந்த இடத்துக்கு அதிக தூரமில்லை.